தாய்மொழியில் எழுதத் தெரியாதவரின் நூல்

அயர்லாந்து இலக்கியம் என்றதும் யேட்ஸ், ஜொய்ஸ் என்பார்கள். எனக்கு நினைவுக்கு வருபவர் பெக் சேயர்ஸ் (1873 - 1958). மேற்குக் கடலிலுள்ள பெரிய பிளாஸ்கெட் தீவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவர். பாடசாலையில் கற்பித்தது ஆங்கிலம்; தாய்மொழியான ஐரிஷில் எழுதத் தெரியாது. அவர் சொல்லச்சொல்ல மகன் எழுதிய தன்வரலாறு 1936இல் நூலாகியது. 1922இல் தன்னாட்சி பெற்றிருந்த நாடு, அதைப் பண்பாட்டு அடையாளமாக்கிப் பல்லாண்டுகள் பாடநூலாகவும் வைத்திருந்தது.

சிக்கல் அங்கேதான். கதை சொல்வதில் பேர்போன பெண், பிள்ளைகளுக்குப் புலம்பும் கிழவியாகவே அறிமுகமானார். பொறுமையே உருவான தாய்தான் நாட்டுக்குத் தேவைப்பட்டாள் போலும்! பெண்களின் வாய்மொழிகளைப் பதிவுசெய்யும் வேலையிலிருக்கும் எனக்கு இது உறுத்துகிறது. கண்ணீர் மட்டும் அச்சேறினால் அது யாருடைய அடையாளம்?

1953இல் தீவு ஆளற்றுப் போயிற்று. நாட்டாரியல் ஆணைக்குழு அவரிடம் கேட்டெழுதிய நூற்றுக்கணக்கான கதைகள் டப்ளினில் உள்ளன.