மறைந்தவர்கள் நடிக்கும் புதுப் படங்கள்

இறந்துபோன நடிகரைப் புதிய படத்தில் தோன்றச் செய்ய மிகப் பழைய வழி, வெட்டி ஒட்டுவது. 1982இல் வந்த 'டெட் மென் டோன்ட் வேர் பிளெய்ட்' படத்தில் ஸ்டீவ் மார்ட்டின் பேச, 1957இலேயே காலமான ஹம்ஃப்ரி போகார்ட் பதில் சொல்வார். போகார்ட் வரும் துண்டுகள் பழைய துப்பறியும் படங்களிலிருந்து எடுத்தவை. புதிய பகுதியும் கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்டு, ஒளியமைப்பும் உடையும் பழையவற்றோடு ஒத்துப்போனதால் ஒட்டு தெரியவில்லை.

இறந்தவரையும் இருப்பவரையும் ஒரே சட்டகத்தில் நிறுத்துவது வேறு வேலை. 'ஃபாரஸ்ட் கம்ப்' (1994) படத்தில் டாம் ஹாங்க்ஸ் அதிபர் கென்னடியுடன் கைகுலுக்குகிறார். கென்னடி இருப்பது பழைய செய்திப்படத்தில். ஹாங்க்ஸ் நடித்தது நீலத் திரைக்கு முன்னால். செய்திப்படக்காரர் கையில் கேமரா ஆடியிருக்கும். அந்த ஆட்டத்தைக் கணினியில் அளந்து ஹாங்க்ஸின் உருவத்துக்கும் கொடுக்காவிட்டால் அவர் மட்டும் தனியே மிதப்பார். பழைய பிலிமின் புள்ளிகளும் மங்கலும்கூட அவர்மேல் ஏற வேண்டும். கென்னடி சொல்லாத வசனத்துக்கு வேறொருவர் குரல் கொடுக்க, அதற்கேற்ப உதடுகள் கணினியில் மாற்றப்பட்டன. இன்று பார்த்தால் அந்த உதடுகள்தான் கொஞ்சம் காட்டிக்கொடுக்கின்றன.

'ஸ்டார் வார்ஸ்' வரிசையில் லெயாவாக நடித்த கேரி ஃபிஷர் 2016 டிசம்பரில் காலமானார். 2019இல் வந்த 'தி ரைஸ் ஆஃப் ஸ்கைவாக்கர்' படத்திலும் லெயா வருகிறார். அதே வரிசையின் 2015 படத்துக்காக எடுத்து, பயன்படுத்தாமல் வைத்திருந்த காட்சிகள் கைகொடுத்தன. இயக்குநர் ஜே.ஜே. ஆப்ராம்ஸ் முதலில் அந்தத் துண்டுகளில் ஃபிஷர் என்ன பேசுகிறார் என்று பார்த்து, அதைச் சுற்றிப் புதிய காட்சிகளை எழுதினார். பதில்தான் முன்பே இருந்தது. கேள்வி பிறகு வந்தது. லெயாவின் பேச்சு எங்கும் பொருந்தும்படி சுருக்கமாக இருப்பதற்குக் காரணம் இதுதான். முகம் ஃபிஷருடையது, உடையையும் தலைமுடியையும் பெரும்பாலும் கணினியில் செய்து சேர்த்தார்கள். முகத்தில் விழும் வெளிச்சத்தை மாற்றுவது கடினம் என்பதால், புதிய அரங்கின் ஒளிதான் பழைய காட்சிக்கு இணங்கிப்போக வேண்டியிருந்தது.

1994இல் இறந்த பீட்டர் குஷிங் 2016இன் 'ரோக் ஒன்' படத்தில் வருவது இந்த வகை அல்ல. அங்கே கை ஹென்றி என்ற நடிகர் நடிக்க, அவர்மேல் கணினியில் உருவாக்கிய குஷிங் முகம் பொருத்தப்பட்டது. பழைய காட்சியில் மிஞ்சியிருப்பது இறந்தவரின் நடிப்பு. இதில் அவருடைய சாயல் மட்டுமே.

பழைய காட்சியைப் பயன்படுத்த அதன் பதிப்புரிமை பெற்றவரிடம் அனுமதி வாங்க வேண்டும். சாயல் யாருக்குச் சொந்தம் என்பது தனி வழக்கு. இறந்தவரின் கணினி உருவைத் திரைப்படங்களில் பயன்படுத்துவதற்கு வாரிசுகளின் ஒப்புதலைக் கோரும் சட்டம் கலிஃபோர்னியாவில் 2024இல் நிறைவேறியது. அதே ஆண்டு வந்த 'லால் சலாம்' படத்தின் பாடலொன்றில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, ஷாகுல் ஹமீது ஆகியோரின் குரல்கள் செயற்கை நுண்ணறிவால் மீட்கப்பட்டன. குடும்பத்தாரின் அனுமதி பெற்று, சன்மானமும் கொடுத்தே அவற்றைப் பயன்படுத்தியதாக இசையமைப்பாளர் ஏ.ஆர். ரஹ்மான் தெரிவித்தார்.