இலவச ஆப்புக்கு ஏன் கார்டு கேட்கிறது?

உத்திரமேரூரில் எங்கள் தெருவில் ஒரு தாயார். மகன் துபாயில் வேலை பார்க்கிறார். சென்ற விடுமுறைக்கு வந்தபோது தான் வைத்திருந்த பழைய ஐபோனை அம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போனார். அமீரகத்தில் வாட்ஸ்அப்பில் எழுதலாம், குரல் பதிவு அனுப்பலாம், ஆனால் அழைப்பு மட்டும் போகாது என்பது வளைகுடா குடும்பங்கள் எல்லோருக்கும் தெரிந்ததே. அதனால் அங்கிருப்பவர்கள் போட்டிம் போன்ற ஆப்களில்தான் பேசுகிறார்கள். அந்த ஆப்பை அம்மாவின் போனில் ஏற்றப் போனால், "வெரிஃபிகேஷன் ரிக்வயர்ட்" என்று ஒரு பெட்டி வந்து கார்டு விவரம் கேட்டது. ஆப் இலவசம்தான். ஆனாலும் இறங்கவில்லை. மூன்று வாரம் மகனின் முகத்தைப் பார்க்காமல் குரல் பதிவிலேயே காலம் தள்ளினார்கள். போனைச் சரிசெய்யக் கொண்டுபோன கடையில், மொத்தமாக அழித்துப் புதிதாக ஏற்ற வேண்டும் என்று சொல்லிவிட்டார்களாம்.

அழிக்க வேண்டிய அவசியமே இல்லை. சிக்கல் போனில் இல்லை. போனுக்குள் இருக்கும் கணக்கில் இருந்தது.

ஆப் ஸ்டோர் ஆகட்டும், பிளே ஸ்டோர் ஆகட்டும், நம் பெயரில் ஒரு பற்று வரவுக் கணக்கை வைத்திருக்கின்றன. ஆப்பிளின் விதி சற்றுக் கடுமை. அந்தக் கணக்கில் ஒரு சிறு தொகை கட்டாமல் நின்றாலும், அது தீரும்வரை காசுக்கு வாங்கும் ஆப் மட்டுமல்ல, இலவச ஆப்பும் இறங்காது. சில சமயம் பழைய ஆப்பின் அப்டேட்டும் நிற்கும். நம்மூர்க் கோயில் கல்வெட்டு நினைவுக்கு வருகிறது. பராந்தகச் சோழன் காலத்துக் குடவோலை விதிகளில், முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் பெயரைக் குடத்தில் போடக்கூடாது என்று இருக்கிறது. ஆயிரம் ஆண்டு கழித்து அதே ஊரில் போன் அதே நியாயத்தைப் பேசுகிறது!

பாக்கி எப்படி விழுகிறது? பெரும்பாலும் சந்தாவினால். ஐகிளவுடில் கூடுதல் இடம் மாதம் 75 ரூபாய், "ஏழு நாள் இலவசம்" என்று தொடங்கிய ஏதோ ஒரு ஆப், பிள்ளைகள் விளையாட்டில் அழுத்திய ஒரு பொத்தான். கார்டு காலாவதியாகி இருக்கும், அல்லது வங்கியில் பணம் இருந்திருக்காது. எடுக்க முடியாத தொகை அப்படியே தொங்கும். அந்தத் தாயாரின் போனில் இருந்தது மகனின் கணக்கு. அதில் இருந்தது அவர் ரத்து செய்துவிட்ட ஒரு அமீரக வங்கிக் கார்டு. நின்றது சில திர்ஹம் ஐகிளவுட் பாக்கி.

இந்தியக் கார்டு வைத்திருப்பவர்களுக்கு வேறொரு காரணமும் உண்டு. மாதாமாதம் தானாகப் பணம் எடுப்பதற்கு ரிசர்வ் வங்கி கொண்டுவந்த புதிய விதிகள் 2021 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்தன. பணம் எடுப்பதற்கு 24 மணி நேரம் முன்பே வங்கி நமக்குத் தகவல் அனுப்ப வேண்டும், குறிப்பிட்ட தொகைக்கு மேல் போனால் நம் ஒப்புதல் கேட்க வேண்டும். முதலில் அந்த வரம்பு 5,000 ரூபாய். 2022 ஜூனில் 15,000 ஆனது. நம் பணத்துக்கு நல்ல பாதுகாப்புதான். ஆனால் அதன் தொடர்ச்சியாக, 2022 நடுவில் ஆப்பிள் இந்திய டெபிட், கிரெடிட் கார்டுகளை ஏற்பதை நிறுத்தியது. யுபிஐ, நெட் பேங்கிங், ஆப்பிள் கணக்கில் முன்கூட்டியே போட்டு வைக்கும் இருப்பு ஆகிய வழிகளைக் காட்டியது. அதற்கு முன் பதிந்து வைத்த கார்டை நம்பி இருந்தவர்களுக்குக் காரணமே புரியாமல் ஆப் நின்றுபோனது இதனால்தான். கார்டு எண்ணைத் திரும்பத் திரும்ப அடிப்பதில் பயனில்லை. யுபிஐ முகவரியைச் சேர்த்துப் பாருங்கள்.

ஐபோனில் பார்க்க வேண்டிய இடம் இதுதான். செட்டிங்ஸ் திறந்து மேலே இருக்கும் பெயரைத் தொடுங்கள். "மீடியா அண்ட் பர்ச்சேசஸ்" என்பதில் "வியூ அக்கவுண்ட்", அதற்குள் "பர்ச்சேஸ் ஹிஸ்டரி". கட்டாத தொகை இருந்தால் அங்கே தெரியும். அதைக் கட்டிவிட்டு, அதே இடத்தில் "சப்ஸ்கிரிப்ஷன்ஸ்" போய் வேண்டாததை நிறுத்துங்கள். ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும்: ஆப்பை போனிலிருந்து நீக்கினால் சந்தா நிற்காது. ஆப் போய்விடும், பணம் போய்க்கொண்டே இருக்கும். பாக்கியும் சந்தாவும் இல்லாதபோது "பேமெண்ட் அண்ட் ஷிப்பிங்" பகுதியில் "நன்" என்ற தேர்வு வரும். அதைத் தேர்ந்தால் இலவச ஆப்களுக்கு எந்தக் கார்டும் வேண்டாம். "நன்" தெரியவில்லை என்றால் ஏதோ ஒரு சந்தா இன்னும் ஓடுகிறது, அல்லது குடும்பப் பகிர்வில் எல்லோருடைய செலவும் உங்கள் கணக்கில் விழும்படி இருக்கிறது என்று பொருள்.

வெளிநாட்டிலிருந்து வந்த போனில் இன்னொரு முடிச்சும் உண்டு. கணக்கு சவூதி அல்லது அமீரகம் என்று இருந்தால், அதற்கு அந்த நாட்டுக் கார்டுதான் செல்லும். நம்மூர் யுபிஐ சேராது. சில இந்திய வங்கி ஆப்கள் தேடினாலும் கிடைக்காது. நாட்டை மாற்றலாம். ஆனால் சந்தாக்கள் முடிய வேண்டும், கணக்கில் மீதமிருக்கும் இருப்பும் தீர வேண்டும். அந்தத் தாயாருக்கு நாங்கள் எளிய வழியில் போனோம். மகனிடம் போனில் கேட்டு, "மீடியா அண்ட் பர்ச்சேசஸ்" பகுதியில் மட்டும் அவர் கணக்கிலிருந்து வெளியேறி, அம்மா பெயரில் இந்தியக் கணக்கு ஒன்று திறந்து, பணம் செலுத்தும் முறைக்கு "நன்" கொடுத்தோம். போட்டிம் இறங்கிவிட்டது, அல்ஹம்துலில்லாஹ். செட்டிங்ஸின் அடியில் இருக்கும் பெரிய "சைன் அவுட்" வேறு. மகனின் கடவுச்சொல் கையில் இல்லாமல் அதைத் தொடக்கூடாது. பழைய கணக்கில் ஏற்றிய ஆப்கள் அப்டேட் ஆகும்போது பழைய கடவுச்சொல்லைக் கேட்கும். அதற்கு அஞ்ச வேண்டாம். அந்த ஆப்பை நீக்கிவிட்டுப் புதிய கணக்கில் மறுபடி இறக்கினால் போதும்.

ஆண்ட்ராய்டு போனில் இவ்வளவு சிரமம் இல்லை. முதல் ஆப்பை இறக்கும்போது "கம்ப்ளீட் அக்கவுண்ட் செட்டப்" என்று வந்து கார்டோ யுபிஐயோ கேட்கும். பலர் இதைக் கட்டாயம் என்று நினைத்துத் தங்கள் கார்டை ஏற்றிவிடுகிறார்கள். கீழே சிறிதாக "ஸ்கிப்" இருக்கும். அதை அழுத்தினால் போதும். குர்ஆன் ஆப், தொழுகை நேர ஆப், மத்திய அரசின் ஹஜ் சுவிதா ஆப் என்று நம் வீடுகளில் அதிகம் தேடுபவை பெரும்பாலும் காசில்லாமலே இறங்குபவை. "பெண்டிங்" என்று சுற்றிக்கொண்டே நின்றால் அது பணச் சிக்கல் அல்ல. போனில் இடம் இல்லை, அல்லது வைஃபையில் மட்டும் இறக்கு என்று அமைத்திருக்கிறது.

காசு கட்டித்தான் ஆக வேண்டும் என்று வந்து, யுபிஐயும் மறுத்தால்? நம் பக்கத்துக் குடும்பங்களில் நான் அடிக்கடி பார்ப்பது, வங்கியில் பதிந்த எண்ணின் சிம் வளைகுடாவில் இருக்கிறது. ஓடிபி அங்கே போகிறது, கணக்கு இங்கே இருக்கிறது. அல்லது ஓராண்டுக்கு மேல் பயன்படுத்தாத யுபிஐ முகவரி முடங்கியிருக்கும்; 2023 இறுதியில் இப்படி முடக்கச் சொல்லி தேசியப் பணப்பட்டுவாடா கழகம் உத்தரவிட்டது. டெபிட் கார்டு இல்லாதவர்கள் பல வங்கிகளில் ஆதார் ஓடிபி மூலமே யுபிஐ பின் அமைத்துக்கொள்ளலாம். ஆனால் ஆதாருடன் இணைந்த எண்ணும், வங்கியில் உள்ள எண்ணும் அம்மாவின் கையில் இருக்கும் சிம்மாக இருக்க வேண்டும்.

இப்போது ஆபத்தான பகுதி. ஆப் இறங்காத கோபத்தில் பலரும் "கஸ்டமர் கேர் நம்பர்" என்று கூகுளில் தேடுகிறார்கள். வரும் எண்களில் பல மோசடிக்காரர்களுடையவை. அவர்கள் திரையைப் பகிரும் ஒரு ஆப்பை ஏற்றச் சொல்வார்கள், "சரிபார்க்க ஒரு ரூபாய் அனுப்புங்கள்" என்பார்கள், அல்லது வாட்ஸ்அப்பில் ஒரு ஏபிகே கோப்பை அனுப்பி இதைத் தொட்டால் ஆப் வந்துவிடும் என்பார்கள். அந்தக் கோப்பு ஏறிய போனில் வரும் ஓடிபியை அவர்களும் படிக்க முடியும். பணம் பெறுவதற்கோ, திரும்பப் பெறுவதற்கோ யுபிஐ பின் ஒருபோதும் தேவையில்லை. யாராவது கேட்டால் அந்த நொடியே துண்டித்துவிடுங்கள். உதவி வேண்டுமானால் போனில் இருக்கும் ஆப் ஸ்டோர், பிளே ஸ்டோருக்குள்ளேயே உதவிப் பகுதி இருக்கிறது. பணம் போய்விட்டால் வெட்கப்பட்டு மறைக்காமல் உடனே 1930 என்ற எண்ணை அழையுங்கள், வங்கிக்கும் சொல்லுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவுக்குப் பணம் கைமாறுவதைத் தடுக்க வாய்ப்பு.

மகன் அடுத்த விடுமுறைக்கு வரும்போது, சாலவாக்கமோ மானாம்பதியோ எந்த ஊராக இருந்தாலும், ஒரு காலை நேரம் ஒதுக்கி அம்மாவுடன் வங்கிக்குப் போய் எண்ணை மாற்றிக் கொடுங்கள். பிளே ஸ்டோரின் செட்டிங்ஸில் ஒவ்வொரு வாங்குதலுக்கும் கடவுச்சொல் கேட்கும்படி வைத்துவிடுங்கள். பேரப் பிள்ளைகள் கையில் போன் போகாத வீடு ஏது? யுபிஐ ஆப்பில் "ஆட்டோபே" பகுதியையும் ஒருமுறை திறந்து பாருங்கள். யாருக்கும் நினைவில்லாத இரண்டு சந்தாக்களாவது அங்கே உயிரோடு இருக்கலாம்.