தனிவழி நடந்த தாய்

ஆனித் திங்களில் நம் காரைக்காலில் மாங்கனித் திருவிழா நடைபெறுகிறது. பிட்சாடனர் பவனி வருகையில் மாடிகளிலிருந்து மாங்கனிகள் வாரி இறைக்கப்படுகின்றன. சைவப் பெருமக்கள் போற்றும் காரைக்கால் அம்மையாரிடம் கிறிஸ்தவக் குடும்பங்களாகிய நாமும் சிந்திக்க வேண்டியது ஒன்றுண்டு.

புனிதவதி என்னும் இயற்பெயருடைய அவர், இவ்வூர் வணிகரின் மகள். கணவன் பரமதத்தன் பிரிந்து சென்று வேறொருத்தியை மணந்தான். அதனை அறிந்த அம்மையார், தம் அழகை நீக்கிப் பேயுரு தருமாறு இறைவனை வேண்டினார் என்று 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் இயற்றிய பெரியபுராணம் கூறுகிறது. பின்னர் தனியே கயிலைக்கு நடந்தார். கண்டோர் அஞ்சி ஓடினர். அவ்வுருவின் பக்திப்பொருளைச் சைவச் சான்றோர் அறிவர். ஆயினும் நம் உள்ளத்தை ஒரு வினா உறுத்துகிறது: பேயுருக் கொண்டால்தான் ஒரு பெண் தனிவழி நடக்கலாமோ?

வைகறைத் திருப்பலிக்குத் தனியே வந்துகொண்டிருந்த இளம்பெண் ஒருத்தி சில நாட்களாக வரவில்லை. காரணம் வினவினோம். "தேநீர்க் கடையில் நிற்பவர்கள் கேலி பேசுகிறார்கள், சாமி" என்றார் தாய். "தம்பியைத் துணைக்கு அனுப்பலாமே" என்றோம். "அவனுக்கு ஒன்பது வயதுதான், சாமி" என்றார். நாம் தலைகுனிந்தோம்.

துணை மட்டும் காத்துவிடுமா? 2012 நவம்பரில் இதே காரைக்காலில், பேருந்து ஏறச் சென்ற இளம்பெண் ஒருவர்மீது திராவகம் வீசப்பட்டது. பெற்ற தந்தை உடன் சென்றிருந்தார். 2013 பிப்ரவரியில் அப்பெண் உயிர் நீத்தார். குற்றம் அவர் நடந்த பாதையில் இல்லை. வீசியவன் நெஞ்சில் இருந்தது.

நாசரேத்தூர் மரியா யூதேய மலைநாட்டுக்கு விரைந்து சென்றதை லூக்கா எழுதுகிறார். துணை வந்தவர் எவரையும் அவர் குறிப்பிடவில்லை. எலிசபெத்தும், "தனியாகவா வந்தாய்?" என்று கடிந்துகொள்ளவில்லை, வாழ்த்தி வரவேற்றார்.

பெற்றோரே, மகள் எந்நேரம் திரும்புவாள் என்று கேட்கும் நாம், மகன் எவ்விடத்தில் யாரோடு நிற்கிறான் என்று கேட்கிறோமா? தங்கைக்குக் காவல் நிற்கக் கற்பிக்கும் நாம், அயலார் மகளுக்கு வழிவிட்டு நிற்கக் கற்பிக்கிறோமா?

அடுத்த ஞாயிறு இளைஞரை அழைத்து இதுபற்றியே பேச இருக்கிறோம். தேநீர்க் கடைக்கும் சென்று வருவோம். அரசலாற்றங்கரையிலும் கடற்கரையிலும் நம் பெண்மக்கள் தம் இயல்பான உருவிலேயே அச்சமின்றி நடக்கட்டும். தனிவழி நடந்த தாயைப் போற்றும் ஊருக்கு அதுவே அழகு.