மணமற்ற வாயுவும் மலைநாட்டு விடுதிகளும்

நுவரெலியா கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1,868 மீற்றர் உயரத்தில் அமைந்த நகரம். தை, மாசி மாதங்களின் விடியற்பொழுதில் அங்கே புல்வெளிகளில் உறைபனி படிவதுண்டு. கீழ்நாட்டிலிருந்து வந்து விடுதியில் தங்குவோர் சன்னல்களை இறுக மூடிக்கொண்டு கணப்பை நாடுதல் இயல்பே. அபாயமும் அவ்விடத்தே பிறக்கின்றது.

விறகோ, கரியோ, எரிவாயுவோ போதிய காற்றின்றி எரியும்போது காபனோரொட்சைட்டு என்னும் வாயு உண்டாகின்றது. இதற்கு நிறமில்லை, மணமுமில்லை. குருதியிலுள்ள ஈமோகுளோபினை இது ஒட்சிசனைக் காட்டிலும் 200 மடங்குக்கு மேல் வலிமையாகப் பற்றிக்கொள்ளும். முதலில் தலைவலி, பிறகு சோர்வு. பிரயாணக் களைப்பென்று எண்ணிப் படுத்தவர் மீண்டும் எழுவதில்லை. புகையடங்கிய தணலால் தீங்கில்லை என்று பலரும் நம்புகின்றனர். கண்ணுக்குத் தெரியாத வாயு அத்தணலிலிருந்தே மிகுதியாக வெளிப்படுகின்றது.

தேயிலைத் தொழிற்சாலையை அறிந்த நேயர்களுக்கு ஓர் உவமை சொல்லலாம். கொழுந்தை உலர்த்தும் வெப்பக்காற்று, விறகடுப்பின் குழாய்களுக்கு வெளிப்புறமாகச் சென்று சூடேறுகின்றது. குழாயில் வெடிப்பு விழுந்தால் தேயிலையில் புகைமணம் ஏறும். சுவைத்துப் பார்ப்பவர் உடனே கண்டுகொள்வார். விடுதி அறையில் உறங்குபவருக்கு அத்தகைய எச்சரிக்கை ஏதுமில்லை.

2020 சனவரியில் நேபாளத்தின் டாமன் என்னும் மலைவாசத்தலத்தில், கேரளத்திலிருந்து சென்ற எண்மர் விடுதி அறையொன்றில் உயிரிழந்தனர். அவர்களுள் நால்வர் குழந்தைகள். அடைத்த அறையினுள் எரிவாயுக் கணப்பு எரிந்துகொண்டிருந்தது. 2014 பெப்ரவரியில் நியூயோர்க் மாநிலத்து உணவகமொன்றில் வெந்நீர்க் கொதிகலனின் புகைக்குழாய் கசிந்து, அதன் முகாமையாளர் மாண்டார். அதன் பின்னரே, எரிபொருட் சாதனங்களுள்ள வணிகக் கட்டடங்களிலும் இவ்வாயுவை உணரும் கருவி இருத்தல் வேண்டுமென்ற விதி அம்மாநிலத்தில் வந்தது. ஓர் உயிர் போனபிறகுதான் விதி பிறக்கவேண்டுமா என்று கேட்கத் தோன்றுகின்றது.

முற்காலத்தில் இக்கருவியின் வேலையைக் கனேரிப் பறவைகளே செய்தன. பிரித்தானிய நிலக்கரிச் சுரங்கங்களில் 1986 வரை அவை பயன்பட்டன. இன்று உள்ளங்கையளவான மின்கருவி போதும். ஐரோப்பிய நியமப்படி, காற்றின் பத்து இலட்சம் பங்கில் இவ்வாயு 50 பங்கிருந்தால் 60 முதல் 90 நிமிடத்துள்ளும், 300 பங்கிருந்தால் மூன்று நிமிடத்துள்ளும் அது ஒலியெழுப்பவேண்டும். புகையை மாத்திரம் உணரும் தீயெச்சரிக்கைக் கருவி இதற்கு ஈடாகாது. கணப்புள்ள கூடம், கொதிகலனறை, அவற்றையடுத்த படுக்கையறைகள் ஆகியவற்றில் இது முதலில் இருத்தல் வேண்டும். உணரும் பகுதி சில ஆண்டுகளில் செயலிழக்குமாதலால், கருவியின் முதுகிற் பொறித்த காலாவதித் திகதியை விடுதியாளர் பார்த்துவருவது அவசியம்.