மரத்துக்கு விலை, மண்ணுக்கு இல்லையா?

பாகான் டத்தோவிலிருந்து தெலுக் இந்தான் தாண்டிப் பீடோர் பக்கம் போகும்போது, சாலையோரத்தில் பெத்தாய் விற்கும் பூர்வகுடி மக்களைப் பார்த்திருப்பீர்கள். பேராக்கில் வாழும் செமாய் இனத்தவர் அவர்கள். நம் பாட்டன்மார் கப்பலேறி வருவதற்கு எத்தனையோ காலம் முன்பே இந்த மண்ணில் வாழ்ந்தவர்கள். ஆனாலும் அவர்கள் குடியிருக்கும் நிலத்தில் பெரும்பகுதிக்குப் பட்டா கிடையாது.

ஏன் இந்த நிலை? 1954ஆம் ஆண்டுப் பூர்வகுடி மக்கள் சட்டப்படி, மாநில அரசு ஓர் இடத்தை அவர்களுக்கென ஒதுக்கலாம். பிறகு ரத்தும் செய்யலாம். நிலத்தை எடுத்துக்கொண்டால், அதிலுள்ள பழமரத்துக்கும் ரப்பர் மரத்துக்கும் இழப்பீடு உண்டு. மண்ணுக்கு? கட்டாயம் எதுவும் இல்லை. மக்களின் நலன் கூட்டரசின் பொறுப்பு, நிலமோ மாநிலத்தின் கையில். நடுவில் தவிப்பது இவர்கள்தாம்.

சிலாங்கூர், டிங்கில் அருகே புக்கிட் தம்போய் கிராமத்தில் 1995இல் இதுதான் நடந்தது. விமான நிலையச் சாலைக்காகத் தெமுவான் இனத்தவரின் 38 ஏக்கர் எடுக்கப்பட்டது. பயிருக்கும் மரத்துக்கும் வீட்டுக்கும் பணம் கொடுத்தார்கள். சகோங் தாசியும் இன்னும் ஆறு பேரும் வழக்குத் தொடுத்தனர். பெரியவர்களின் வாய்மொழி வரலாற்றையும் சான்றாக ஏற்ற ஷா ஆலம் உயர்நீதிமன்றம், அது அவர்கள் நிலமே, நிலத்துக்கும் இழப்பீடு தர வேண்டும் என்று 2002இல் தீர்ப்பளித்தது. அரசிதழில் பதிவாகாத பகுதிக்கும் இழப்பீடு உண்டு என்றது 2005இல் மேல்முறையீட்டு நீதிமன்றம். அத்தீர்ப்பை எழுதியவர் நீதிபதி கோபால் ஸ்ரீராம். இறுதியில் 2010இல் 65 லட்சம் வெள்ளிக்குச் சமரசம் ஏற்பட்டது. பதினைந்து ஆண்டுப் போராட்டம்!

வாசகர்களே, தோட்டம் கைமாறியபோது மூட்டை கட்டியவர்கள் நம்மிலும் உண்டு. ஆனால் ஒரு வேறுபாட்டை மறக்கக் கூடாது. பூர்வகுடி மக்களுக்கு வழக்காறு தந்த நில உரிமை உண்டு. லயத்து வீடு நிர்வாகத்தின் சொத்து. மூன்று தலைமுறை வாழ்ந்தாலும் அந்த உரிமை நமக்கு வராது. இதை உணர்ந்துதான், தோட்டத் துண்டாடலின்போது துன் சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். பாட்டாளிகள் சிறுகச் சிறுகச் சேர்த்த வெள்ளியில் தோட்டங்கள் வாங்கப்பட்டன.

ஆகவே, சிறு துண்டு நிலமானாலும் அதன் பத்திரத்தைப் பத்திரமாக வையுங்கள், பிள்ளைகளிடம் காட்டுங்கள். பூர்வகுடி மக்கள் நிலம் கேட்கும்போது, "காட்டுவாசிக்கு எதற்கு?" என்று பேசுவோரோடு சேராதீர்கள். குடியிருந்த இடத்தை விட்டுப் போகும் வேதனை நமக்குத் தெரியாததா?