பிறந்த தேதியும் ஓர் அமானிதமே

உங்கள் பாஸ்போர்ட்டில் அச்சாகியிருக்கும் பிறந்த தேதி மெய்யானதுதானா? வேலைக்குப் போதிய வயதில்லை என்பதால் இரண்டாண்டு கூட்டி எழுதி வளைகுடா நாடு சென்றவர்கள் நம்மிடையே உண்டு. பள்ளியில் சேர்த்த அன்று வாத்தியார் தம் விருப்பம்போல் எழுதிய ஜூன் மாதத் தேதியை ஆயுள் முழுவதும் சுமப்போரும் உண்டு.

குற்றமற்ற காரணமும் ஒன்றுண்டு. நமக்கு நாள் தொடங்குவது மஃரிபில் அன்றோ? வியாழன் மாலை சூரியன் மறைந்ததும் வெள்ளி இரவு வந்துவிடுகிறது. அவ்விரவு 8 மணிக்குப் பிறந்த பிள்ளை பாட்டியாரின் கணக்கில் வெள்ளிக்கிழமைப் பிள்ளை. மருத்துவமனைப் பதிவேட்டிலோ வியாழக்கிழமைத் தேதியே இருக்கும். இரண்டும் மெய்யே. பிறையாண்டுக்கு 354 அல்லது 355 நாட்களே என்பதால், பிறைக் கணக்கில் 60 வயது நிறைந்தவர் ஆங்கிலக் கணக்கில் 58ஐச் சற்றே தாண்டியவராவார்.

தேதிக் குழப்பம் நம் முன்னோரும் கண்டதுதான். கலீஃபா உமர் (ரலி) அவர்களிடம் வந்த ஆவணமொன்றில் ஷஅபான் என்று மட்டுமே எழுதியிருக்க, எந்த ஆண்டின் ஷஅபான் என்று அவர்கள் வினவியதாகவும், தேதியில்லாக் கடிதங்களால் விளையும் தொல்லையை அபூமூஸா அல் அஷ்அரீ (ரலி) அவர்கள் எழுதித் தெரிவித்ததாகவும் வரலாற்றாசிரியர்கள் கூறுவர். ஹிஜ்ரி ஆண்டுக் கணக்கு அதன் பின்னரே நிறுவப்பெற்றது.

அறியாமல் நேர்ந்த பிழை வேறு. அறிந்தே எழுதிய பொய் வேறு. பெரும்பாவங்களை எடுத்துரைத்த நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள், பொய்ச் சாட்சியத்தைக் குறிப்பிடுகையில், சாய்ந்திருந்த நிலையிலிருந்து நிமிர்ந்தமர்ந்து அதனையே திரும்பத் திரும்ப எச்சரித்தார்கள். "ஏஜெண்டு எழுதினார், நான் கையெழுத்துத்தானே போட்டேன்" என்பார் சிலர். சாட்சியம் என்பது அந்தக் கையெழுத்துத்தானே!

1967ஆம் ஆண்டுப் பாஸ்போர்ட் சட்டத்தின் 17ஆம் பிரிவு, பாஸ்போர்ட் எக்காலமும் மத்திய அரசின் உடைமை என்கிறது. நம் பெட்டியில் இருந்தாலும் அது நம்முடையதன்று. நம்மிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதம். தெரிந்தே பொய்த் தகவல் தந்து அதைப் பெறுவோருக்கு 12ஆம் பிரிவு இரண்டாண்டு வரை சிறையும் விதிக்கிறது.

திருத்துவதற்கு வழியில்லாமல் இல்லை. உரிய சான்றுடன், விவரத்தை மாற்றிப் பாஸ்போர்ட்டை மறுபடி வழங்குமாறு விண்ணப்பிக்க வேண்டும். பிறப்பே பதிவாகாதிருந்தால், ஓராண்டு கடந்தவற்றுக்கு மாவட்ட மாஜிஸ்திரேட் அல்லது சட்டம் அனுமதிக்கும் பிற மாஜிஸ்திரேட்டின் உத்தரவு பெற்று முதலில் அதைப் பதிய வேண்டும். அதிகாரிகள் துருவிக் கேட்பர், அபராதமும் வரலாம், விசா, வேலை ஒப்பந்தம் யாவும் பழைய தேதியில் இருப்பதால் பிழைப்பு என்னாகுமோ என்ற கலக்கமும் எழும். அக்கலக்கம் நியாயமானதே. ஆயினும் இந்த இடத்தில்தான் நம்மவர் பலர் மீண்டும் இடறுகின்றனர். பழைய பொய்யை நீக்கப் புதியதொரு போலிச் சான்றிதழை விலை கொடுத்து வாங்குகின்றனர். நமக்கே பாதகமாயினும் மெய்ச்சாட்சியம் கூறுமாறு திருமறை அந்நிஸா அத்தியாயத்தின் 135ஆம் வசனம் பணிப்பது இத்தகைய வேளைக்கன்றி வேறெதற்கு? நடந்ததை நடந்தபடி எழுதிக் கொடுங்கள்.

இனிப் பிறக்கும் பிள்ளைகளுக்கேனும் இத்தொல்லை வேண்டாம். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தோருக்குப் பாஸ்போர்ட் பெறப் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே தேதிக்கு ஆதாரமென 2025இல் விதி திருத்தப்பட்டுள்ளது. பிறப்பைத் தெரிவிக்க 21 நாள் அவகாசம் உண்டு. ஏழாம் நாள் முடியிறக்கிப் பெயர் சூட்டி அகீகா கொடுக்கிறோமே, அந்த வாரத்திலேயே பதிவாளர் அலுவலகத்துக்கும் ஒரு நடை போய், என்ன தேதி எழுதியிருக்கிறார்கள் என்று கண்ணால் பார்த்து வாருங்கள். மஃரிபுக்குப் பின் பிறந்த பிள்ளையானால், கடிகாரம் காட்டிய மணியையும் வீட்டில் குறித்து வையுங்கள்.