பாட்டே இல்லாமல் தமிழ்ப் படம் எடுத்தவர், ஏன் சினிமாவையே விட்டார்? – ‘வீணை’ பாலச்சந்தரின் கதை

மயிலாப்பூரில் கச்சேரி கேட்டு வளர்ந்த பெரியவர் யாரிடமாவது ‘இயக்குநர் பாலச்சந்தர்’ என்று ஆரம்பித்துப் பாருங்கள். ‘எந்த பாலச்சந்தர்?’ என்று திருப்பிக் கேட்க வாய்ப்பு உண்டு. நமக்குத் தெரிந்தவர் ‘அபூர்வ ராகங்கள்’ கே.பாலசந்தர். அவர் மனதில் இருப்பவர் எஸ்.பாலச்சந்தர். 1982-ல் பத்மபூஷண் வாங்கிய வீணை வித்வான்.

சினிமாவில் இவருடைய பயோடேட்டா கொஞ்சம் நீளம். நடிகர், இயக்குநர், கதாசிரியர், இசையமைப்பாளர், பாடகர், தயாரிப்பாளர். இன்றைக்கு நாம் ‘இண்டி ஃபிலிம்மேக்கர்’ என்று சொல்கிறோமே, அந்த வார்த்தை இங்கே வருவதற்குப் பல வருஷம் முன்பே அந்த வாழ்க்கையை வாழ்ந்து பார்த்துவிட்டார். 43 வயதில் கடைசிப் படம் ரிலீஸ். அதுவும் எடுத்து முடித்து, வருஷக்கணக்கில் டப்பாவில் கிடந்து வெளிவந்த படம். ஏன் அப்படி ஆனது?

ஏழு வயசில் கேமரா முன்னால்

1927 ஜனவரி 18-ல் பிறந்தவர். அப்பா சுந்தரம் ஐயர் மயிலாப்பூர் வக்கீல், சங்கீதப் பைத்தியம். பாபநாசம் சிவன் வந்து போய்ப் பழகிய வீடு. 1934-ல் பிரபாத் ஃபிலிம் கம்பெனி தமிழில் ‘சீதா கல்யாணம்’ எடுத்தபோது இந்தக் குடும்பமே படத்தில் இறங்கிவிட்டது. அண்ணன் எஸ்.ராஜம் ராமர், சகோதரி ஜெயலட்சுமி சீதை, அப்பா ஜனகர். உடன்பிறந்தவர்களே ராமர், சீதையாக நடிப்பதா என்று அப்போது முணுமுணுப்பு எழுந்தது. இன்றைக்கு என்றால் ட்ரெண்டிங். குட்டி பாலச்சந்தர் ராவணன் சபையில் கஞ்சிரா வாசிப்பார். பாபநாசம் சிவன் சினிமாவுக்கு வந்ததும் இந்தப் படத்தின் வழியாகத்தான்.

வளர்ந்த பிறகு நடிப்பு, இசை, இயக்கம் என்று எல்லாக் கதவையும் தட்டினார். 1948-ல் ‘இது நிஜமா’ படத்தில் இரட்டை வேடம். 1951-ல் ‘கைதி’ இயக்கினார், இசையும் அமைத்தார். (கார்த்தி நடித்த ‘கைதி’ இல்லைங்க. ஆனால் பாட்டுக் காட்சி இல்லாத அந்த 2019 படத்துக்கும் இவருக்கும் ஒரு தூரத்துச் சொந்தம் உண்டு. அடுத்து அதுதான்.)

‘அந்த நாள்’: படம் அவருடையது, முடிவு முதலாளியுடையது

1952-ல் இந்தியாவின் முதல் சர்வதேசத் திரைப்பட விழா நடந்தது. அந்தக் காலகட்டத்தில்தான் அகிரா குரோசாவாவின் ‘ராஷோமோன்’ நம்மூர் சினிமாக்காரர்கள் கண்ணில் பட்டது. ஒரே சம்பவம், ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள், எது நிஜம்? பாலச்சந்தருக்கு மண்டைக்குள் மணி அடித்தது. அந்த உத்தியை வைத்து ஒரு நாடகம் எழுதி வானொலிக்குக் கொடுத்தார். வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அதே கருவைத்தான் ஏவி.எம். மெய்யப்பனிடம் கொண்டுபோனார்.

1943 அக்டோபரில் ஜப்பான் விமானம் சென்னையில் குண்டு போட்டது. அந்தப் பரபரப்பு நாட்களில் ஒரு ரேடியோ இன்ஜினீயர் சுட்டுக் கொல்லப்படுகிறார். படம் ஆரம்பித்ததுமே ஹீரோ காலி. அதற்கப்புறம் அவரைச் சுற்றி இருந்தவர்கள் ஒவ்வொருவரும் ஒரு கதை சொல்கிறார்கள். பாட்டு இல்லை, நடனம் இல்லை, சண்டை இல்லை. ஒரு படத்தில் பத்துப் பதினைந்து பாட்டு சாதாரணமாக இருந்த காலம் அது. வசனம் எழுதியவர் ஜாவர் சீதாராமன், போலீஸ் அதிகாரியாக நடித்ததும் அவரே.

இதில் பலருக்குத் தெரியாத ஒரு விஷயம். அந்த ஹீரோ வேடத்துக்கு முதலில் சிவாஜி கிடையாது. கல்கத்தாவிலிருந்து வந்த பேராசிரியர் என்.விஸ்வநாதனை வைத்து நிறையக் காட்சிகளை எடுத்துவிட்டார்கள். போட்டுப் பார்த்த மெய்யப்பனுக்குத் திருப்தி இல்லை. சிவாஜி கணேசனை வைத்து மறுபடி எடுக்கச் சொன்னார். பாலச்சந்தர் ஒப்புக்கொள்ளவில்லை. மெய்யப்பனும் இறங்கி வரவில்லை. கடைசியில் முதலாளி சொன்னதுதான் நடந்தது.

என்னைக் கேட்டால், அந்த விஷயத்தில் மெய்யப்பன் சொன்னதுதான் சரி. சிவாஜி இல்லாத ‘அந்த நா’ளை இன்று கற்பனை பண்ணவே முடியாது. ஆனால் பாலச்சந்தர் இடத்தில் நின்று யோசித்துப் பாருங்கள். கதை உங்களுடையது, உழைப்பு உங்களுடையது, பாதிப் படம் எடுத்தாகிவிட்டது. ஹீரோ யார் என்பதை மட்டும் வேறொருவர் முடிவு பண்ணுகிறார். அவர் சொன்னது சரியாகவே இருந்தாலும், உறுத்தும் இல்லையா?

படம் 1954 ஏப்ரல் 13, தமிழ்ப் புத்தாண்டையொட்டி வெளியானது. விமர்சகர்கள் கொண்டாடினார்கள், அந்த ஆண்டுக்கான தேசிய விருதுகளில் தகுதிச் சான்றிதழும் கிடைத்தது. பாட்டை எதிர்பார்த்து வந்த ஜனங்களில் பலர் ஏமாந்து போனார்கள். அதே வருஷம் ‘பெண்’ படத்தில் இவர் நடிகராகவும் வந்தார். அதில் ஜே.பி.சந்திரபாபு குரலுக்கு இவர் வாயசைக்கும் பாட்டு செம ஹிட். பாட்டே இல்லாமல் படம் எடுத்தவரை அந்த வருஷம் ஜனங்கள் ஒரு பாட்டுக்காக ரசித்திருக்கிறார்கள்!

சொந்தக் காசு, சொந்த முடிவு

அடுத்த கட்டம்தான் நம் விஷயத்துக்கு முக்கியம். ‘அவனா இவன்’ (1962), ‘பொம்மை’ (1964), ‘நடு இரவில்’ (1970). மூன்றும் த்ரில்லர். மூன்றிலும் தயாரிப்பு, இயக்கம், இசை, நடிப்பு எல்லாமே இவர்தான். அந்தப் பத்தாண்டு எம்.ஜி.ஆர்., சிவாஜி ராஜ்ஜியம் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இவர் படங்களில் அவர்கள் யாரும் இல்லை. வி.எஸ்.ராகவன், சதன் மாதிரி நடிகர்கள்தான்.

‘பொம்மை’ கதை ஒரே வரி. ஒருவரைக் கொல்வதற்காக ஒரு பொம்மைக்குள் வெடிகுண்டு வைக்கிறார்கள். அந்தப் பொம்மை கை மாறி, ஊரெல்லாம் சுற்றுகிறது. எப்போது வெடிக்கும்? இன்றைக்கும் சீட் நுனியில் உட்கார வைக்கிற ஐடியா. யேசுதாஸின் முதல் தமிழ்ப் பாட்டு எது என்று இசை ரசிகர்கள் அடித்துக்கொள்ளும்போது, இந்தப் படத்தின் பெயர் தவறாமல் வரும்.

அப்புறம் ‘நடு இரவில்’. அகதா கிறிஸ்டி 1939-ல் எழுதிய நாவல்தான் அடிப்படை. தனித்தீவில் ஒரு பங்களா, கூடியிருக்கும் சொந்தக்காரர்கள் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். மேஜர் சுந்தரராஜன், பண்டரிபாய், சௌகார் ஜானகி, சோ என்று நல்ல பட்டாளம். இதே நாவலின் சாயலில் இந்தியில் ‘கும்நாம்’ 1965-லேயே வந்து, பாட்டும் டான்ஸுமாக ஹிட் அடித்துவிட்டது. பாலச்சந்தரும் அதே சமயத்தில்தான் தன் படத்தை எடுத்தார். ஆனால் தமிழ் ரசிகர்கள் அதைப் பார்க்க 1970 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. வாங்க ஆள் வரவில்லை.

படம் ரெடி என்றால் போதாதா?

போதாது. இதைக் கொஞ்சம் விளக்கமாகப் பார்க்கலாம்.

தமிழ்நாட்டை செங்கல்பட்டு, மதுரை, கோவை, திருச்சி, சேலம் என்று ‘ஏரியா’க்களாகப் பிரித்துத்தான் படங்களை விற்பது வழக்கம். ஒவ்வொரு ஏரியாவுக்கும் ஒரு விநியோகஸ்தர். அவர் முன்பணம் கொடுத்தால்தான் தயாரிப்பாளர் கடனை அடைக்க முடியும், பிரிண்ட் போட முடியும். அன்றைய ஃபிலிம் காலத்தில் தியேட்டருக்கு ஒரு பிரிண்ட் வேண்டும், ஒவ்வொன்றுக்கும் தனிச் செலவு. விநியோகஸ்தர் கதை கேட்க மாட்டார், ‘யார் நடிச்சிருக்காங்க? எத்தனை பாட்டு?’ என்றுதான் கேட்பார். அவரைக் குறை சொல்லவும் முடியாது, அவர் போடுவதும் கடன் வாங்கிய காசுதான்.

ஆக, சுயாதீனமாகப் படம் எடுக்க மூன்று சாவி வேண்டும். பணம் ஒன்று, முடிவெடுக்கும் உரிமை ஒன்று, தியேட்டர் வாசல் ஒன்று. ‘அந்த நா’ளில் இவரிடம் முதல் இரண்டும் இல்லை. ஆனால் ஏவி.எம். பெயர் இருந்ததால் மூன்றாவது தானாகத் திறந்தது. சொந்தப் படங்களில் முதல் இரண்டும் கையில் வந்தன, மூன்றாவது பூட்டிக்கொண்டது.

இன்றைக்கு நிலைமை மாறிவிட்டதா? தி.நகர் டீக்கடையில் ஹார்ட் டிஸ்க்கைப் பையில் வைத்துக்கொண்டு நிற்கும் எந்த உதவி இயக்குநரையும் கேட்டுப் பாருங்கள். கேமரா மலிவாகிவிட்டது, பிரிண்ட் செலவு போய்விட்டது. வாசல் மட்டும் அப்படியே இருக்கிறது. சென்னையில் வாடகை வீடு தேடும் கதையைச் சொன்ன செழியனின் ‘டுலெட்’, 2017-க்கான தேசிய விருது வாங்கியும் 2019-ல்தான் தியேட்டருக்கு வந்தது. வஸந்த்தின் ‘சிவரஞ்சனியும் இன்னும் சில பெண்களும்’ 2018-லேயே விழாவில் திரையிடப்பட்டது, நாம் பார்த்தது 2021-ல் சோனி லிவ்வில். 2021-ல் ராட்டர்டாமில் டைகர் விருது வென்ற வினோத்ராஜின் ‘கூழாங்கல்’, 2023-ல் அதே சோனி லிவ்வுக்கு வந்தது. ஓடிடி வந்தால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைத்தோம். அங்கேயும் ‘ஹீரோ யாரு சார்?’ என்றுதான் பேச்சு ஆரம்பிக்கிறது.

வீணை கை கொடுத்தது

‘நடு இரவில்’ ஒருவழியாக வெளிவந்தபின் அவர் படமே எடுக்கவில்லை. முழுக்க வீணை. வீணைக்கு குரு யாரும் கிடையாது, தானே கற்றுக்கொண்டது என்று பெருமையாகச் சொல்லிக்கொள்வார். அமெரிக்க நிறுவனமான நான்சச் அவர் வாசிப்பை இசைத்தட்டாக வெளியிட்டது. 72 மேளகர்த்தா ராகங்களையும் வாசித்துப் பதிவுசெய்தார். வாய் சும்மா இருக்காது. சங்கீத உலகத்துப் பெரியவர்களோடு பகிரங்கமாகச் சண்டை போட்டார். சங்கீத கலாநிதி விருது கடைசி வரை அவருக்கு வரவில்லை.

யோசித்துப் பார்த்தால், வீணைக்கு விநியோகஸ்தர் தேவையில்லை. மேடையும் மைக்கும் இருந்தால் அன்றைக்கே ரிலீஸ். அப்படிப்பட்ட இரண்டாவது வழி அவரிடம் இருந்தது. மற்ற பலருக்கு இருப்பதில்லை.

1990-ல் பிலாய் நகருக்குப் போன இடத்தில் காலமானார். தேதி ஏப்ரல் 13, ‘அந்த நாள்’ வெளியான அதே நாள்.

எதை முதலில் பார்ப்பது?

‘அந்த நாள்’ கண்டிப்பாக. கொன்றது யார் என்பதை கூகுள் செய்யாமல் பாருங்கள், விக்கிபீடியா பக்கம் போகவே வேண்டாம். அடுத்து ‘பொம்மை’. அதில் கதை முடிந்ததும் ஃபோனை மூடிவிடாதீர்கள். பாலச்சந்தர் திரையில் வந்து, நடித்தவர்களையும் படத்துக்குப் பின்னால் வேலை செய்தவர்களையும் நமக்கு அறிமுகப்படுத்தி வைப்பார்.